1000 ஆண்களுக்கு 1020 பெண்கள் என்பது உண்மையா? புள்ளியியல் படித்தவர்கள் ஏன் இதைப் புரியும்படி சொல்வதில்லை?

இரண்டாவது கேள்விதான் என்னைச் சுட்டது. 26 வருடம் கல்லூரியில் புள்ளியியல் நடத்தியவன் நான். சொல்லத்தான் செய்கிறோம், முடிக்க விடுவதில்லை.

2021 நவம்பரில் தேசியக் குடும்ப நல ஆய்வின் ஐந்தாம் சுற்று முடிவுகள் வந்தன. 1020 அதில் இருப்பதுதான். நீங்களும் தலைப்புச் செய்தியாகத்தான் பார்த்திருப்பீர்கள். அந்த வாரம் ஒரு டிவி விவாதத்துக்கு என்னையும் கூப்பிட்டார்கள். பெண்கள் ஆண்களை மிஞ்சியது நல்லதா கெட்டதா என்று தலைப்பு. மிஞ்சவே இல்லை என்று ஆரம்பித்தேன். "சுருக்கமா சார்" என்றார் நெறியாளர். உடனே விளம்பர இடைவேளை. அப்புறம் என் பக்கம் அவர் திரும்பவே இல்லை.

பத்து நாள் கழித்துத் திருப்பூரில் ஒரு வாசகர் கூட்டத்தில் இதையே பேசினேன். அந்த ஆய்வு நாட்டில் எல்லோரையும் எண்ணுவதில்லை. சுமார் 6.37 லட்சம் வீடுகளுக்குப் போய், நேற்று ராத்திரி இங்கே யார் யார் தங்கினார்கள் என்று கேட்டு, அதை வைத்துப் போட்ட விகிதம் அது. பீகாருக்கு 1090 வந்தது. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அதே பீகாருக்கு 918. பத்து வருடத்தில் இப்படி மாறுமா என்று கேட்டேன். பனியன் கம்பெனி சூப்பர்வைசர் அம்மா ஒருவர் எழுந்து, "அந்த ஆம்பளைங்க எங்க கம்பெனி ஹாஸ்டல்லதானே சார் தூங்குறாங்க, இங்கயாவது எண்ணுவாங்களா?" என்றார். எனக்குச் சிலிர்த்துவிட்டது. பீகாரிலிருந்து இங்கே வேலைக்கு வந்த ஆண்களை அங்கே அவர்கள் வீட்டிலும் எண்ணவில்லை, இங்கேயும் எண்ண மாட்டார்கள். வீடெடுத்துத் தங்கியவர்கள் கணக்கில் வரலாம். விடுதியும் ராணுவ முகாமும் ஆய்வுக்கு வெளியே. அரை மணி நேரமாக நான் சொல்லவந்ததை அந்த அம்மா ஒரே கேள்வியில் சொல்லிவிட்டார்.

ஆய்வே தப்பு என்று நான் சொன்னதாக யாரும் திரிக்க வேண்டாம். தடுப்பூசி, பிரசவம், ரத்தசோகை பற்றித் தெரிந்துகொள்ள நான் முதலில் புரட்டுவது அதைத்தான். பெண்களின் ஆயுள் கூடியிருப்பதும் உண்மை. ஆனால் அதே ஆய்வில், முந்தைய ஐந்து வருடங்களில் பிறந்த குழந்தைகளில் 1000 ஆணுக்கு 929 பெண்தான். இயற்கையாக விட்டால் 950 வாக்கில் இருக்க வேண்டும். பெண் குழந்தைகள் இருக்க வேண்டியதைவிடக் குறைவு என்று காட்டும் அந்த எண்ணை விவாதத்தில் யாருமே தொடவில்லை. இன்னும் வயிறெரிகிறது.

கேட்காததையும் சொல்லிவிடுகிறேன். நான் வேலை பார்த்த கல்லூரியில் பி.எஸ்சி. புள்ளியியலை மூடிவிட்டு டேட்டா சயின்ஸ் ஆரம்பித்திருக்கிறார்கள். பாடத்திட்டத்தை வாங்கிப் பார்த்தேன். மாதிரி எடுக்கும் முறைகளுக்கு, அதாவது சிலரைத் தேர்ந்தெடுத்துக் கேட்டு மொத்தத்தைக் கணிக்கும் வழிகளுக்கு, ஒரு யூனிட்கூட இல்லை. யாரை எண்ணினார்கள், யாரை விட்டார்கள் என்று அந்தப் பிள்ளைகளுக்கு யார் கேட்கச் சொல்லித்தருவார்கள்?

சரி, உங்கள் முதல் கேள்வி. நாடு முழுக்கத் தலைகளை எண்ணிக் கடைசியாகக் கிடைத்தது 2011-இன் 943. 2021-இல் நடக்க வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போய், 2027 மார்ச் 1-ஐ அடிப்படை நாளாக அறிவித்திருக்கிறார்கள். அது வரும்வரை யார் கேட்டாலும் 943 என்றுதான் சொல்வேன்.