நினைவுக்கு எதற்குத் தனி நிறம்?

கேள்வி: எங்கள் வீட்டிலேயே பத்து நிமிடக் குறும்படம் ஒன்று எடுக்கிறேன். அப்பா இறந்தபிறகு அம்மா தனியாகக் கழிக்கும் ஒரு நாள்தான் கதை. அம்மாவே நடிக்கிறார். பழைய நினைவுகளைக் கறுப்பு வெள்ளையில் காட்டி, பின்னணியில் அம்மாவின் குரலையும் வைக்கலாமா?

பதில்: வேண்டாம். இரண்டுமே வேண்டாம்.

நினைவு வருகிறபோது யார் கண்ணுக்கும் நிறம் போய்விடுவதில்லை. துணி மடித்துக்கொண்டிருக்கும்போது வரும், அடுத்த துணியை எடுப்பதற்குள் போயும் விடும், கை பாட்டுக்கு வேலையைப் பார்த்துக்கொண்டே இருக்கும். நீங்கள் படம் பிடிக்க வேண்டியது அந்தக் கையைத்தான். அப்பா ராத்திரி தாமதமாக வருவார் என்று பல வருடம் தாழ்ப்பாள் போடாமலே படுத்தவர் என்றால், இப்போதும் அம்மா விளக்கை அணைத்துப் படுத்துவிட்டு, அப்புறம் ஞாபகம் வந்து எழுந்துபோய்த் தாழ்ப்பாள் போடுவார், இல்லையா? அதை ஒரே ஷாட்டில், வெட்டாமல், அவர் படுக்கையிலிருந்து கதவுவரை நடக்கிற நேரம் முழுவதையும் விட்டு எடுங்கள். அப்பா யார், எப்படி வாழ்ந்தார்கள் என்பதெல்லாம் அதிலேயே வந்துவிடும். அதற்கு மேல் ஒரு குரல் வந்து விளக்கினால் பார்ப்பவருக்கு வேலையே இல்லை.

அமெரிக்கச் சோதனைப் பட இயக்குநர் மாயா டெரன் 1943ல் தன் கணவரோடு சேர்ந்து லாஸ் ஏஞ்சலீஸில் தங்கள் வீட்டிலேயே எடுத்த 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' படத்தைப் பாருங்கள். கால் மணி நேரம்கூட ஓடாது. ஒரு சாவி, ஒரு கத்தி, மாடிப்படி, அவ்வளவுதான். அவையே திரும்பத் திரும்ப வருகின்றன, ஒவ்வொரு முறையும் கொஞ்சம் மாறி. அது கனவைப் பற்றிய படம்தான், ஆனாலும் மனசுக்குள் நடப்பதைக் காட்ட வீட்டுச் சாமான்களே போதும் என்பதற்கு அதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரிந்து இல்லை. வசனம் கிடையாது. இசைகூட 1959ல்தான் சேர்த்தார்கள்.

சத்தத்தில் கவனம் வையுங்கள். ஒவ்வோர் அறையிலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் ரெக்கார்ட் செய்து வைத்துக்கொள்ளுங்கள்; அந்த அறையில் எடுத்த ஷாட்டுகளுக்கு அடியில் அதை ஓடவிடலாம். இல்லாவிட்டால் ஃபிரிட்ஜின் முனகல் ஒரு ஷாட்டில் இருந்து அடுத்ததில் காணாமல் போய்விடும், எடிட்டிங்கில் திண்டாடுவீர்கள்.

அப்புறம், இது உங்கள் படமாக இருக்கலாம், துக்கம் அம்மாவுடையதும்கூட. முடித்ததும் முதலில் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள். ஒரு காட்சி வேண்டாம் என்று சொன்னால், அது எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும் எடுத்துவிடுங்கள்.