கச்சை கட்டும் நேரம்

கேள்வி: எனக்கு 26 வயது. களியக்காவிளை அருகே ஒரு கிராமம். சிறுவயதிலேயே ஊர் ஆசானிடம் அடிமுறை என்னும் தற்காப்புக் கலையும், பிறகு பாறசாலைப் பக்கம் கேரளத்துத் தற்காப்புக் கலையான களரியும் கற்றேன். இரண்டையும் சேர்த்து, பெண்களின் துணிவைப் பற்றி 40 நிமிடத் தனிநிகழ்ச்சி நடத்துகிறேன். மேடையிலேயே இடுப்பில் நீளத் துணியைச் சுற்றிக் கச்சை கட்டித் தொடங்குவேன். கண்ணுக்குத் தெரியாத நான்கு ஆண்களை அடித்து வீழ்த்துவதோடு முடிப்பேன், கைதட்டல் ஓயாது. ஆனால் ஆசான், "வித்தையை வேடிக்கையாக்கிவிட்டாய்" என்று சொல்லிவிட்டு என்னோடு பேசுவதில்லை. நிறுத்திவிடட்டுமா?

பதில்: அன்புத் தங்கைக்கு, நிறுத்தாதீர்கள். அந்தக் கடைசிக் காட்சியை மட்டும் எடுத்துவிடுங்கள்.

மேடை ஏறியதால் களரி கெட்டுவிடாது. 1985-லேயே நடனக் கலைஞர் சந்திரலேகா தமது ‘அங்கிகா’ நிகழ்ச்சியில் பரதத்தோடு களரியையும் மேடையில் வைத்தார். கேரளத்து வடகரை மீனாட்சி அம்மா ஏழு வயதில் களரிக்குள் கால் வைத்தவர்; 2017-இல் பத்மஸ்ரீ பெற்றார். எழுபதைக் கடந்தும் புடவையை வரிந்து கட்டி அவர் வாள் வீசியபோது, அது பெண்ணின் வலிமை என்று யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

உங்கள் கடைசிக் காட்சி என்னை உறுத்துகிறது. முன்வரிசையில் ஒரு பத்தாம் வகுப்புப் பெண் அதைப் பார்க்கிறாள். நாளை இருட்டில் நான்கு பேர் வழிமறித்தால் அடித்து வீழ்த்திவிடலாம் என்று அவள் நம்பினால்? விலகவும் தப்பிக்கவும்தானே ஆசான் உங்களுக்கு அத்தனை சுவடுகளை, அதாவது கால்வைப்பு முறைகளை, பழக்கினார்? அவருடைய வருத்தம் மேடையைப் பற்றியதாக இருக்காது, இந்தப் பொய்யைப் பற்றியதாக இருக்கும் என்றே எனக்குத் தோன்றுகிறது.

ஒரே வரியில் நீங்கள் கடந்துபோன கச்சைதான் என் மனதை விட்டு அகலவில்லை. நீங்கள் நிற்பது தோள்சீலைப் போராட்டம் நடந்த மண். மேலாடை அணிந்ததற்காக நாடார் பெண்கள் அடிபட்டார்கள், சந்தையில் அவர்களுடைய துணி கிழிக்கப்பட்டது. 1859-இல் திருவிதாங்கூர் அரசு அனுமதி தந்தபோதுகூட, மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடுதான் தந்தது. அங்கே ஊரார் பார்க்க ஒரு பெண் தன் கையாலேயே துணியைச் சுற்றி, இழுத்து, இறுக்கிக் கட்டுகிறாள்! இதற்கு வசனம் எதற்கு? பின்னணி இசையும் வேண்டாம். பத்து நிமிடம் எடுத்துக்கொள்ளுங்கள். துணி உரசும் சத்தம் கடைசி வரிசை வரை கேட்கட்டும். பிறகு தாழ்ந்து அமரும் ஒரு சுவட்டில், தொடை நடுங்கும்வரை நில்லுங்கள். எத்தனை வருடப் பயிற்சி அது என்று பார்ப்பவர்களுக்குத் தானாகப் புரியும்.

ஆசானிடம் தொலைபேசியில் பேசாதீர்கள். வெற்றிலை பாக்கோடு நேரில் போய், அவர் முற்றத்தில் முதலில் செய்து காட்டுங்கள். வர்ம அடி எதையாவது காட்டக் கூடாது என்றால், விவாதிக்காமல் நீக்கிவிடுங்கள். உயிருக்கு ஆபத்தானவற்றை மறைத்து வைக்க அவருக்கு உரிமை உண்டு. அவர் பேசாமல் உட்கார்ந்திருந்தாலும் தொடர்ந்து செய்யுங்கள். உங்கள் கால் ஓர் இடத்தில் பிசகினால், அவரால் திருத்தாமல் இருக்க முடியாது.