57% பேர் ஆதரித்தும் புளோரிடாவின் கருக்கலைப்பு உரிமைத் திருத்தம் தோற்றது ஏன்?

அந்த அமெரிக்க மாநிலத்தில் அரசியலமைப்பைத் திருத்த 60% வாக்கு வேண்டும். 2024 நவம்பரில் ‘நான்காம் திருத்தம்’ எனப்பட்ட இந்த உரிமைத் திருத்தத்துக்குக் கிடைத்தது சுமார் 57%. அதனால் ஆறு வாரத்துக்குப் பிந்தைய கருக்கலைப்புக்கான தடை அப்படியே நீடிக்கிறது. இந்த 60% விதியை 2006-இல் கொண்டுவந்ததும் ஒரு வாக்கெடுப்புதான். அதற்கே 58%-க்குச் சற்றுக் குறைவாகத்தான் ஆதரவு கிடைத்தது. அன்று பாதிக்கு மேல் இருந்தாலே போதும்!

ஒஹையோவில் இன்றும் பாதிக்கு மேல் போதும். 2023 ஆகஸ்டில் அங்கும் வரம்பை 60% ஆக்க முயன்றார்கள், மக்கள் நிராகரித்தார்கள். மூன்று மாதம் கழித்து அங்கே கருக்கலைப்பு உரிமைத் திருத்தம் 56.8% பெற்று வென்றது. ஏறக்குறைய ஒரே அளவு ஆதரவு, முடிவு நேரெதிர்.

பலரும் கவனிக்காதது, ஒரு திருத்த மனு வாக்குச்சீட்டில் ஏறுவதற்கு முந்தைய கட்டம். ஒஹையோவில் கடந்த ஆளுநர் தேர்தலில் பதிவான வாக்குகளில் 10% அளவுக்குக் கையெழுத்து வேண்டும். அதிலும் 88 கவுண்டிகளில் (மாவட்டம் போன்ற பகுதிகள்) குறைந்தது 44-இல், ஒவ்வொன்றிலும் அங்கே பதிவான வாக்குகளில் 5% அளவுக்குத் தேற வேண்டும். பெருநகரங்களில் மட்டும் திரட்டினால் மனு நிற்காது. ஆர்கன்சா மாநிலத்தில் 2024-இல் கருக்கலைப்பு உரிமைத் திருத்தத்துக்கு ஒரு லட்சத்துக்கும் மேல் கையெழுத்து வாங்கியும், சம்பளத்துக்குத் திரட்டியவர்களுக்கான சான்று ஆவணம் முறைப்படி சமர்ப்பிக்கப்படவில்லை என்று மனு தள்ளுபடியானது. ஒரு தாளுக்காக மக்களின் வாக்கே பறிபோவது எனக்கு அநியாயமாகப் படுகிறது.

டெக்சாசில் கையெழுத்துத் திரட்டித் திருத்தம் கொண்டுவரும் வழியே கிடையாது. அங்கே திருத்தத்தைச் சட்டமன்றம் மட்டுமே முன்வைக்க முடியும்.