முதல் வாரத்தின் விலை

அன்புள்ள அண்ணா,

நான் லெஸ்டரில் புள்ளியியல் படிக்கிறேன். பாடநெறிக்கு ஒரு தரவுத் தொகுப்பு தேவைப்பட்டது. தனிப்பாடலாக வெளியாகும் சிங்கிள்களை வாரந்தோறும் விற்பனைப்படி வரிசைப்படுத்திய பிரித்தானிய சிங்கிள்ஸ் பட்டியலில் 2000 முதல் 2009 வரை முதலிடம் பிடித்த பாடல்களை அட்டவணையாக்கி, எல்லாவற்றையும் வரிசையாகக் கேட்டும் முடித்தேன். ஏமாற்றம்தான் மிஞ்சியது. 2000 ஆம் ஆண்டில் மட்டும் நாற்பதுக்கும் மேற்பட்ட பாடல்கள் முதலிடத்துக்கு வந்திருக்கின்றன. அவற்றில் பாதி இன்று யாருக்கும் நினைவில்லை. பிறகு தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டிகளில் வென்றவர்களின் வரிசை. 2009 கிறிஸ்துமஸில் ரேஜ் அகெய்ன்ஸ்ட் த மெஷின் என்ற ராக் குழு அவர்களைத் தோற்கடித்தது ஒன்றே ஆறுதல். அந்தக் காலத்து மக்களின் ரசனை ஏன் இவ்வளவு நிலையற்றதாக இருந்தது? பாப் ஐடல், எக்ஸ் ஃபேக்டர் போன்ற நிகழ்ச்சிகள்தான் பிரித்தானிய பாப் இசையைக் கெடுத்தனவா? இன்று யூடியூப் பார்வைகளை வைத்துத் தமிழ்த் திரைப்பாடல்களைத் தரம் பிரிப்பதும் அதே நோயா? அந்த ஆண்டுகளில் லண்டனில் ஒரு கடையின் இசைப்பகுதியில் வேலை பார்த்ததாக முன்பு எழுதியிருந்தீர்கள். அதனால் உங்களிடம் கேட்கிறேன்.

ச.

அன்புள்ள தம்பி,

உடனே பதில் எழுதத் தூண்டியவை உங்கள் கேள்விகள் அல்ல, உங்கள் அட்டவணைதான். ஓர் எண்ணிக்கை எதை எண்ணியது, எப்போது எண்ணியது என்று விசாரிக்காமலே அதிலிருந்து மனிதர்களின் மனத்தைப் பற்றித் தீர்ப்பெழுதிவிடும் பழக்கம் சில மாதங்களாகவே என்னை உறுத்திக்கொண்டிருக்கிறது. புள்ளியியல் படிக்கும் ஒருவரிடமிருந்தே அது வந்து சேரும்போது சும்மா இருக்க முடியவில்லை.

மூன்றாவது கேள்வியை விட்டுவிடுகிறேன். யூடியூப் பார்வைகளைப் பற்றி எல்லாரும் எல்லாவற்றையும் சொல்லியாகிவிட்டது. நானும் ஒருவன் சேர வேண்டியதில்லை.

ஒரு பாடல் முதலிடத்தில் ஒரு வாரம் இருந்தது என்றால் மக்கள் அதை ஒரு வாரம்தான் விரும்பினார்கள் என்று நீங்கள் எடுத்துக்கொள்கிறீர்கள். அந்த ஆண்டுகளில் ஒரு சிங்கிள் கடைக்கு எப்படி வந்தது என்று பாருங்கள். கடைக்கு வருவதற்கு ஐந்தாறு வாரங்கள் முன்பே பாடல் வானொலிகளுக்குப் போய்விடும். காலையும் மாலையும் அது ஒலிக்கும். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு வரி வரியாக மனப்பாடமாகிவிடும். ஆனால் கடையில் கேட்டால் கிடைக்காது. பிறகு ஒரு திங்கட்கிழமை அது வந்திறங்கும். பெரும்பாலும் முதல் வாரத்தில் விலை 1.99 பவுண். அடுத்த வாரம் அதே இறுவட்டு (சிடி) 3.99. அறிவுள்ள எவரும் எந்த வாரம் வாங்குவார்கள்? ஒன்றரை மாதமாகத் தேங்கி நின்ற விருப்பம் முழுவதும் அந்த ஒரு வாரத்தில் வந்து விழும். பாடல் நேராக முதலிடத்தில் நுழையும். மறு வாரம் விலை ஏறும், வாங்க வேண்டியவர்கள் ஏற்கெனவே வாங்கியிருப்பார்கள், அதற்குள் அடுத்த இசை நிறுவனத்தின் பாடல் 1.99 க்கு வந்திருக்கும். புதுப்படத்தின் முதல்நாள் முதல்காட்சிக் கூட்டத்தை மட்டும் எண்ணிவிட்டு, மறுநாளே மக்கள் அந்த நடிகரை மறந்துவிட்டார்கள் என்று எழுதுவதைப் போன்றது உங்கள் முடிவு.

முன்பெல்லாம் ஒரு பாடல் முப்பதாம் இடத்தில் நுழைந்து, பதினைந்துக்கு வந்து, பிறகு ஏழு, மூன்று என்று ஏறுவது வழக்கமாக இருந்தது. அந்த ஏற்றம்தான் ஒருவர் கேட்டு மற்றவருக்குச் சொன்னதன் தடயம். 2000 வாக்கில் அது ஏறத்தாழ மறைந்துபோனது. நுழைந்த இடமே உச்ச இடம், அதன்பின் சரிவுதான். மக்கள் ஒருவருக்கொருவர் சொல்வதை நிறுத்திவிட்டார்கள் என்பதல்ல இதன் பொருள். அவர்கள் சொல்லிக்கொண்ட ஐந்தாறு வாரங்களிலும் பாடல் விற்பனையில் இல்லை, ஆகையால் எண்ணப்படவில்லை. உங்கள் அட்டவணையில் எந்தக் காலம் காணாமல் போயிருக்கிறதோ, அந்தக் காலத்தில்தான் ரசனை இருந்தது.

நிறுவனங்கள் இதை ஏன் செய்தன என்பதும் இரகசியம் அல்ல. சிங்கிளில் இலாபம் குறைவு. அது ஆல்பத்துக்கான விளம்பரம். பட்டியலில் மேலே நுழைந்தால் டாப் ஆஃப் த பாப்ஸ் என்ற பிபிசி தொலைக்காட்சி நிகழ்ச்சியில் இடம் கிடைக்கும், வானொலி மீண்டும் ஒலிபரப்பும், சிங்கிள்களில் மேல் வரிசையை மட்டுமே அடுக்கும் பல்பொருள் கடைகளில் அலமாரித் தட்டு கிடைக்கும். ஒரே பாடலை இரண்டு இறுவட்டுகளாகவும் ஓர் ஒலிநாடாவாகவும் வெளியிடுவார்கள். ஒவ்வொன்றிலும் துணைப்பாடல் வேறு. பட்டியலில் மூன்றும் ஒரே பாடலின் கணக்கில் சேரும். வெஸ்ட்லைஃப் என்ற அயர்லாந்துப் பாப் குழுவின் முதல் ஏழு சிங்கிள்களும் முதலிடம் பெற்றதில் அவர்களுடைய குரலுக்குப் பங்கு உண்டுதான். எந்த வாரம் போட்டி குறைவு என்று பார்த்துத் திங்கட்கிழமையைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கும் பங்கு உண்டு. அந்தத் தொடர் வெற்றியை 2000 கிறிஸ்துமஸில் முறித்தது பாப் த பில்டர் என்ற சிறுவர் பொம்மைத் தொடரின் பாடல். அந்த ஆண்டு பிரித்தானியாவில் அதிகம் விற்ற சிங்கிளும் அதுதான். அதை நீங்கள் ரசனைச் சீரழிவின் உச்சமாகக் குறித்து வைத்திருப்பீர்கள். அப்பன்மார் பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுத்த கிறிஸ்துமஸ் பரிசு அது, அவ்வளவுதான்.

நான் வேலை பார்த்தது மேற்கு லண்டனில் ஒரு கடைத்தெருவில். கடையின் பெயர் வேண்டாம். திங்கட்கிழமை காலையில், முந்தைய நாள் பிற்பகல் பிபிசி வானொலியான ரேடியோ 1 அறிவித்த வரிசைப்படி நாற்பது தட்டுகளையும் மாற்றி அடுக்குவது என் பொறுப்பு. போன கிழமை ஒன்றாம் தட்டில் இருந்ததை நான்கிலோ ஏழிலோ கொண்டுபோய் வைக்கும்போது எனக்கும் உங்களைப் போலவே ஓர் இளக்காரம் இருந்தது. ஊரில் இலங்கை வானொலியில் ஒரு பாடலுக்காக மாதக்கணக்கில் காத்திருந்தவர்கள் நாங்கள். இவர்களுக்கு ஒரு கிழமையிலேயே சலித்துவிடுகிறது என்று உடன் வேலை செய்த நண்பரிடம் சொல்லிச் சிரித்திருக்கிறேன்.

சனிக்கிழமைகளில் ஒரு பிள்ளை வருவாள். பன்னிரண்டு வயது இருக்கலாம். இருபது பென்ஸ் நாணயங்களை ஒரு பென்சில் பையில் கொண்டுவருவாள். ஒருமுறை ஒரே பாடலின் இரண்டு இறுவட்டுகளையும் எடுத்து வைத்தாள். ஏனம்மா ஒரே பாட்டை இரண்டு தரம் வாங்குகிறாய் என்று கேட்டேன். அவள் என்னை ஏதும் அறியாதவனைப் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டுப் பொறுமையாக விளக்கினாள்: இன்று கடை மூடுவதற்குள் வாங்கினால்தான் நாளைய பட்டியலில் சேருமாம், இரண்டு இறுவட்டும் தனித்தனியே எண்ணப்படுமாம், தோழிகள் நான்கு பேரும் ஆளுக்கு இரண்டு வாங்கப்போகிறார்களாம். கல்லாவில் நின்று பட்டைக்குறியை வாசித்துக்கொண்டிருந்த எனக்கு அந்த எண்ணிக்கை எங்கே போகிறது என்பதில் அக்கறையே இருந்ததில்லை. அவளுக்கு விதி முழுவதும் தெரிந்திருந்தது. அவள் இசை வாங்க வந்தவள் மட்டுமல்ல, வாக்களிக்க வந்தவள்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு இதற்குமேல் நான் என்ன சொல்ல? தொலைக்காட்சி நிகழ்ச்சிகள் எதையும் கெடுக்கவில்லை. ஏற்கெனவே தேர்தலாக மாறியிருந்த ஒன்றில் வந்து வேட்பாளர்களை நிறுத்தின. 2002 பெப்ரவரியில் நடந்த பாப் ஐடல் இறுதிப் போட்டியில் தொலைபேசி வாக்குகள் 87 இலட்சம் அளவில் விழுந்தன. வென்ற வில் யங்கின் சிங்கிள் அந்த மாதக் கடைசியில் வெளியாகி முதல் வாரத்திலேயே 11 இலட்சத்துக்கு மேல் விற்றது. இரண்டாவதாக வந்த கேரத் கேட்ஸின் பாடல் மார்ச்சில் வெளியாகி, ஒரு வாரத்தில் எட்டரை இலட்சம் அளவில் விற்று, அதே முதலிடத்துக்கு வந்தது. வில் யங் பாடிய ‘எவர்கிரீன்’ வெஸ்ட்லைஃப் முந்தைய ஆண்டே தங்கள் ஆல்பத்தில் பாடியிருந்த பாடல் என்பது வாங்கியவர்களில் பலருக்குத் தெரிந்தே இருந்தது. பாடல் புதிதா என்பது அங்கே கேள்வி அல்ல.

‘முதலிடம்’ என்ற பெயர் ஒன்றாக இருப்பதால் அளவும் ஒன்றாக இருந்தது என்று நினைத்துவிடாதீர்கள். 2005 ஜனவரியில், பட்டியலின் வரலாற்றிலேயே ஆயிரமாவது முதலிடமாக எல்விஸ் பிரெஸ்லியின் ‘ஒன் நைட்’ வந்தது. 1959 இல் முதலிடம் பெற்ற அதே பாடலின் மறுவெளியீடு. அந்த வாரம் அது விற்றது 20,000 பிரதிகளைச் சற்றே தாண்டித்தான். வில் யங்குக்கும் எல்விஸுக்கும் உங்கள் அட்டவணையில் ஒரே அளவுள்ள ஒரு கட்டம். இணையத் திருட்டுதான் சிங்கிளைக் கொன்றது என்று நிறுவனங்கள் அழுதன. அதே ஆண்டுகளில் ஆல்பங்கள் நன்றாகவே விற்றன என்பதால் அந்த அழுகையைப் பற்றி அதிகம் பேச எனக்கு விருப்பமில்லை.

விதி மாறியபோது என்ன நடந்தது என்பதைத்தான் நீங்கள் கவனித்திருக்க வேண்டும். 2005 ஏப்ரலில் பதிவிறக்கங்களும் பட்டியலில் சேர்க்கப்பட்டன, ஆனால் அந்தப் பாடல் இறுவட்டாகவும் கடையில் இருந்தால் மட்டுமே. 2006 இல் இறுவட்டு வருவதற்கு ஒரு வாரம் முன்பிருந்தே எண்ணலாம் என்று தளர்த்தினார்கள். உடனே, ஏப்ரல் தொடக்கத்தில், நால்ஸ் பார்க்லி என்ற அமெரிக்க இரட்டையரின் ‘கிரேசி’ பதிவிறக்கங்களை மட்டுமே கொண்டு முதலிடம் பெற்றது. ஒன்பது வாரம் அங்கேயே இருந்தது. பிறகு, ஆள்களுக்குச் சலித்துவிடக்கூடாது என்று இறுவட்டை அவர்களே கடைகளிலிருந்து விலக்கிக்கொண்டார்கள். இறுவட்டை விலக்கி இரண்டு வாரம் ஆகிவிட்டால் பதிவிறக்கமும் கணக்கில் வராது என்பது அன்றைய விதி. ஆகவே முதல் பத்துக்குள் இருந்த பாடல், ஆயிரக்கணக்கானோர் இன்னும் வாங்கிக்கொண்டிருக்கும்போதே, ஒரு ஞாயிற்றுக்கிழமை பட்டியலில் எங்குமே இல்லாமல் போனது. இதை ரசனையின் நிலையாமை என்று எழுதுவீர்களா?

2007 ஜனவரியில் அந்த நிபந்தனையும் போனது. அந்த மாதமே, முந்தைய ஜூலையில் வெளிவந்த ஸ்னோ பேட்ரோல் குழுவின் ‘சேசிங் கார்ஸ்’ முதல் பத்துக்குள் திரும்பி வந்தது. அவ்வருடக் கோடையில் ரியானாவின் ‘அம்ப்ரெல்லா’ பத்து வாரம் முதலிடத்தில் நின்றது. அந்தக் கோடையில் இங்கிலாந்து வெள்ளத்தில் மிதந்ததற்கே அந்தப் பாடல்தான் காரணம் என்று பத்திரிகைகள் கேலி செய்தன. டிசம்பரில் மரையா கேரியின் பழைய கிறிஸ்துமஸ் பாடல் யாரும் மறுவெளியீடு செய்யாமலே முதல் பத்துக்குள் வந்தது. நம்முடைய மாயா அருள்பிரகாசம், எம்.ஐ.ஏ. (M.I.A.) என்ற பெயரில், 2007 ஆல்பத்தில் பாடிய ‘பேப்பர் பிளேன்ஸ்’, 2008 இன் தொடக்கத்தில் சிங்கிளாக வெளிவந்தபோது எவரும் கவனிக்காமல் கிடந்து, திரைப்பட முன்னோட்டம் ஒன்றில் ஒலித்தபின் அவ்வாண்டின் பிற்பகுதியில் ஏறத் தொடங்கி 19 ஆம் இடம்வரை போனது. முதல் வாரத்து விலையை நம்பிய பழைய முறையில் அந்தப் பாடலின் இறுவட்டு அதற்குள் திருப்பி அனுப்பும் பெட்டிக்குப் போயிருக்கும். பெட்டி கட்டியவன் நானாகவே இருந்திருக்கலாம். 2000 இல் ரசனை நிலையற்றிருந்தவர்கள் ஏழு ஆண்டுகளில் திடீரென்று நிலைபேறு பெற்றுவிட்டார்களா, தம்பி? மனிதர்கள் அவர்களேதான். எண்ணும் விதி வேறு.

கடைசியாக, உங்களுக்கு ஆறுதல் அளித்த 2009. ஒரு தம்பதியர் ஃபேஸ்புக்கில் தொடங்கிய இயக்கம். எக்ஸ் ஃபேக்டர் வெற்றியாளர் ஜோ மெக்எல்டெரிக்கு எதிராக ரேஜ் அகெய்ன்ஸ்ட் த மெஷினின் 1992 ஆம் ஆண்டுப் பாடல் ஒன்றை எல்லாரும் ஒரே வாரத்தில் பதிவிறக்குவது. ஐந்து இலட்சத்துக்கு நான்கரை இலட்சம் என்ற அளவில் வென்றார்கள். நல்ல வேடிக்கைதான், வீடற்றோருக்கு உதவும் அறக்கட்டளைக்கும் பணம் சேர்ந்தது. ஆனால் அவர்கள் செய்தது என்ன? சனிக்கிழமைக்குள் வாங்க வேண்டும், எல்லாரும் வாங்க வேண்டும், பாட்டைக் கேட்பதற்காக அல்ல, ஞாயிறன்று முதலிடத்தில் பார்ப்பதற்காக. அந்தப் பிள்ளை பென்சில் பையோடு வந்து செய்ததை, தாடி வைத்த ஆண்கள் கணினியில் செய்தார்கள். அவள் செய்தால் ரசனைக் கேடு, இவர்கள் செய்தால் ரசனையின் மீட்சியா? இரண்டு பாடல்களின் உரிமையும் ஒரே சோனி குழுமத்திடம்தான் இருந்தது என்பதையாவது உங்கள் அட்டவணையில் குறித்தீர்களா? பெண்பிள்ளைகள் விரும்பும் எதையும் விருப்பமாகவே மதிக்காத இந்த வழக்கம் உங்கள் வயதுக்கு அழகல்ல. உங்கள் கடிதத்தில் என்னைக் கோபப்படுத்தியது அந்த ஒரு வரிதான். மற்றபடி, ஒரு பத்தாண்டின் முதலிடப் பாடல்கள் அனைத்தையும் உட்கார்ந்து கேட்ட உங்கள் பொறுமை எனக்குப் பிடித்திருக்கிறது. பெரும்பாலானோர் கேட்காமலே ஏசுவார்கள்.

அட்டவணையைத் தூக்கிப்போடாதீர்கள். அதில் மூன்று நிரல்கள் சேருங்கள்: பாடல் முதன்முதலில் எந்த இடத்தில் நுழைந்தது, முதலிடத்துக்கு அடுத்த வாரம் எங்கே நின்றது, முதல் நாற்பதுக்குள் மொத்தம் எத்தனை வாரம் இருந்தது. 2000 ஐயும் 2007 ஐயும் தனித்தனியே வரைந்து பாருங்கள். பிறகு ரசனையைப் பற்றி எழுதுங்கள், படிக்கிறேன்.

அன்புடன்,
அண்ணா