அப்பீல்ல தண்டனை குறையுமா, பாண்டுல விடுவாங்களா? கேள்வி பதில்

கிரிமினல் அப்பீல் பத்தி கேளுங்கன்னு சொன்னதும் நெறைய பேரு கேட்டுட்டீங்க. நான் மதுரை மாவட்ட கோர்ட்டுலயும் ஹைகோர்ட் மதுரை பெஞ்சுலயும் கிரிமினல் சைடு பாக்குறவன். கேஸ் கட்டை பாக்காம யாருக்கும் உறுதி குடுக்க முடியாது, சட்டம் என்ன சொல்லுதுங்கறதை மட்டும் சொல்றேன்.

கேள்வி, திருமங்கலம்: அண்ணே, வரப்பு தகராறுல அப்பா பக்கத்து தோட்டத்துக்காரரை மம்பட்டி கணையால அடிச்சுட்டாரு. 2017 கேஸ், ஐ.பி.சி. 324-ல (ஆயுதத்தால காயம் பண்ணுனது) ஜே.எம். (மாஜிஸ்திரேட்) கோர்ட்டுல ஒரு வருசம் போட்டுட்டாங்க. அப்பாவுக்கு 61 வயசு, வேற கேஸே கிடையாது. அப்பீல்ல என்ன கேக்கணும்?

பதில்: மொதல்ல தேதியை பாருங்க தம்பி, ஜே.எம். தீர்ப்புக்கு 30 நாளுக்குள்ள செஷன்ஸ்ல அப்பீல் போடணும். மூணு வருசத்துக்கு மேல போகாத தண்டனை, அப்பா பெயில்ல இருக்காருன்னா, அப்பீல் போடுற வரைக்கும் தண்டனையை அதே ஜே.எம். கோர்ட்டே நிறுத்தி வைக்கும், அப்புறம் செஷன்ஸ்ல மனு போட்டு அப்பீல் முடியுற வரைக்கும் நிறுத்தி வாங்கணும்.

இப்ப விசயத்துக்கு வர்றேன். அப்பீல்ல ரெண்டு கேக்கலாம், ஒன்னு கேஸே நிக்காது விடுதலை பண்ணுங்கன்னு, இன்னொன்னு குத்தம் நிரூபணம்னாலும் தண்டனையை குறைங்க இல்ல பாண்டுல (ஒழுங்கா நடந்துக்குவேன்னு எழுதி வாங்கிட்டு ஜெயில் இல்லாம) விடுங்கன்னு. நம்மாளுக மொதல்ல உள்ளதை மட்டும் மூச்சு முட்ட பேசிட்டு, ரெண்டாவதை கடைசி நிமிசத்துல "ஏழை, குடும்பம் இருக்கு"ன்னு ஒத்த வரியில முடிச்சுருவாக, எனக்கு அதுலதான் வயித்தெரிச்சல். 1958-ல வந்த நன்னடத்தை சட்டம் 4-வது பிரிவுல, மரண தண்டனையோ ஆயுளோ குடுக்கக்கூடிய குத்தமா இல்லாட்டி பாண்டு எழுதி வாங்கிட்டு விடலாம், அதிகபட்சம் 3 வருசத்துக்கு. 11-வது பிரிவுல அப்பீல் கோர்ட்டுக்கும் ஹைகோர்ட்டுக்கும் அதே பவர் இருக்கு, கீழ்கோர்ட் குடுக்கலைங்கறதால கதை முடிஞ்சுறாது. இன்னொன்னு, பாண்டுல விட வாய்ப்பிருந்தும் விடலைன்னா ஏன்னு தனியா காரணம் எழுதணும், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 361, அதுக்குப் பதிலா வந்த பி.என்.எஸ்.எஸ்.ல இப்ப 402. அப்பா தீர்ப்பை எடுத்து கடைசி ரெண்டு பக்கம் படிங்க, அதைப்பத்தி ஒரு வார்த்தைகூட இல்லைன்னா அப்பீல் மனுவுல அதையே ஒரு கிரவுண்டா எழுதச்சொல்லுங்க.

பேப்பரும் வேணும். வயசுக்கு ஆதாரம், ஆஸ்பத்திரி சீட்டு, நிலையான விலாசம் (அப்பாவுக்கோ ஜாமீன்தாரருக்கோ அந்த கோர்ட் எல்லைக்குள்ள விலாசமோ நிரந்தர தொழிலோ இருக்கணும்), அடிபட்டவருக்கு வைத்தியச்செலவு குடுத்திருந்தா அதுக்கு ரசீது. நன்னடத்தை அலுவலர் ரிப்போர்ட் கேட்டாங்கன்னா அவரு வீட்டுக்கு வருவாரு, தெருவுலயும் விசாரிப்பாரு. நம்மூர்ல அவரு சிறைத்துறை ஆளுங்கறதால ஜெயில்காரங்க வந்துட்டாங்கன்னு பயந்து அப்பாவை ஒளிச்சு வைக்காதீங்க, அப்படி வச்சு கெடுத்துக்கிட்ட குடும்பம் உண்டு.

கேள்வி, அதே தம்பி: அடிபட்டவரு இப்ப சமாதானமா போறேங்கறாரு, கேஸை முடிச்சுரலாமா?

பதில்: 324 இப்ப கோர்ட்ல சமாதானம் பண்ணி முடிக்கிற லிஸ்ட்ல இல்ல. ஆனா அவரு அஃபிடவிட் குடுத்து ஜட்ஜ் முன்னாடி வந்து சொன்னாருன்னா தண்டனையை குறைக்க அதை கணக்குல எடுப்பாங்க. 326 மாதிரி பெரிய காய கேஸ்லயே சமாதானத்தை பாத்து உள்ள இருந்த காலமே போதும்னு சுப்ரீம் கோர்ட் விட்டுருக்கு. ஊர்ப் பெரியவங்க முன்னாடி எழுதுன பேப்பரை மட்டும் நீட்டுனா எடுபடாது.

கேள்வி, செல்லூர்: சார், தம்பிக்கு 20 வயசு, செல்போன் பறிப்பு கேஸ். 21-க்கு கீழன்னா ஜெயில் கிடையாதாமே?

பதில்: கிடையாதுன்னு இல்லங்க. நன்னடத்தை சட்டம் 6-வது பிரிவு என்ன சொல்லுதுன்னா, 21-க்கு கீழ உள்ளவரை ஆயுள் இல்லாத குத்தத்துல ஜெயிலுக்கு அனுப்பணும்னா, நன்னடத்தை ரிப்போர்ட் கேட்டு, பாண்டுல விடுறது சரியா வராதுன்னு காரணம் எழுதித்தான் அனுப்பணும். வயசை சம்பவத் தேதியில பாக்க மாட்டாங்க, விசாரணை கோர்ட் தண்டனை சொல்ற தேதியிலதான் பாப்பாங்க. கேஸை இழுத்து இழுத்து 22 ஆக விட்டுட்டு பெறகு 6-னு நின்னா கிடைக்காது, 4-வதுதான் கேக்கணும்.

கேள்வி, மேலூர்: அப்பீல் போட்டா தண்டனையை கூட்டிருவாங்கன்னு பயமுறுத்துறாங்கண்ணே.

பதில்: நீங்க போட்ட அப்பீல்ல கூட்ட முடியாது. அரசு தரப்பு தண்டனை பத்தலைன்னு தனியா அப்பீல் போட்டாலோ, ஹைகோர்ட் ரிவிஷன்ல (கீழ்கோர்ட் தீர்ப்பு சரியான்னு மேல பாக்குறது) நோட்டீஸ் குடுத்தாலோதான் கூடும், அப்பவும் உங்க தரப்பை கேக்கணும். அடிபட்டவரு மட்டும் "தண்டனை பத்தலை"ன்னு அப்பீல் போட சட்டத்துல இடமில்ல.

கேள்வி, ஒத்தக்கடை: அண்ணன் மினி பஸ் டிரைவர், ரோட்டை கடந்தவரு அடிபட்டு இறந்துட்டாரு, 304ஏ (கவனக்குறைவால மரணம்). பாண்டு கிடைக்குமா?

பதில்: கஷ்டம்மா. வண்டி ஓட்டி உயிர் போன கேஸ்ல நன்னடத்தை சலுகை குடுக்கக்கூடாதுங்கற ரீதியில 2000-த்துலயே தல்பீர் சிங் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லிருச்சு, அரசு வக்கீல் அதைத்தான் மொதல்ல எடுப்பாரு. உங்க பலத்தை தண்டனை குறைப்புல வைங்க, எத்தனை வருசம் இழுத்த கேஸ், அண்ணன் ஓடாம நின்னு ஆஸ்பத்திரிக்கு தூக்கிட்டு போனாரா, அந்த மாதிரி. சம்பவம் புது சட்டம் வந்த 2024 ஜூலை 1-க்கு முன்னாடின்னா அதிகபட்சம் 2 வருசம்தான், அதுக்கப்புறம்னா 5 வரைக்கும் போகும்.

கேள்வி, தேனி: கஞ்சா கேஸ்ல பாண்டு?

பதில்: 18 வயசு தாண்டுனவங்களுக்கு பொதுவா இல்ல, போதைப்பொருள் சட்டம் 33-வது பிரிவே அடைச்சுருச்சு, 26, 27-வது பிரிவு (27-ங்கறது தானே உபயோகிச்சது) கேஸுக்கு மட்டும் விதிவிலக்கு.

கேள்வி, பழங்காநத்தம்: கவர்மெண்ட் வேலை சார். பாண்டுல விட்டா வேலை தப்பிக்குமா?

பதில்: நன்னடத்தை சட்டம் 12-வது பிரிவை காட்டி தப்பிக்கும்னு நெறைய பேரு ஆசை காட்டுவாங்க. தண்டனையால வர்ற தகுதியிழப்புதான் போகும், குத்தவாளிங்கற தீர்ப்பு அப்படியேதான் இருக்கும், அதுக்குப் பின்னால இருக்க நடத்தையை வச்சு டிபார்ட்மெண்ட் நடவடிக்கை எடுக்கலாம், 1990-ல பக்ஷி ராம் வழக்குல இதை தெளிவா சொல்லிட்டாங்க. உங்களுக்கு விடுதலைதான் முக்கியம், தண்டனை குறைப்பு ரெண்டாவதுதான்.

கேள்வி, அரசரடி: மகன் சென்ட்ரல் ஜெயில்ல இருக்கான், வக்கீல் வைக்க காசில்லய்யா. ரிமாண்டுல இருந்த நாளு கழியுமா?

பதில்: அதே கேஸ்ல ரிமாண்டுல இருந்த நாள் கழியும்மா, தீர்ப்புல அந்த நாளெல்லாம் சரியா எழுதியிருக்கான்னு மட்டும் பாத்துக்கங்க. வக்கீலுக்கு கவலைப்படாதீங்க, காவல்ல இருக்கவங்களுக்கு வருமானம் பாக்காம இலவச வக்கீல் குடுக்கணும்னு சட்டமே இருக்கு. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு ஆபீஸ் கோர்ட் வளாகத்துலயே இருக்கு, இல்லைன்னா மகனையே ஜெயில்ல மனு எழுதிக் குடுக்கச் சொல்லுங்க, அங்கேருந்தே அப்பீல் அனுப்புவாங்க. அடுத்த மனுப்பார்வைக்கு (ஜெயில்ல மகனை பாக்க) போறப்ப தீர்ப்பு காப்பி அவன் கைக்கு வந்துச்சான்னு கேளுங்க, அது இலவசமா குடுக்க வேண்டியது.