கரப்பான் பூச்சியும் குழந்தையின் இளைப்பும்: மருத்துவர் பதில்

கேள்வி: சேலம் அம்மாபேட்டையில் வரிசை வீடு ஒன்றில் வசிக்கிறோம். முன்கட்டில் இரண்டு குழித்தறிகள், பின்கட்டில் சமையலறை. எங்கள் 7 வயது மகளுக்கு இரண்டு ஆண்டுகளாக வீசிங் தொந்தரவு உள்ளது. விடியற்காலையில் இருமலும் இளைப்பும் அதிகம். கோடை விடுமுறையில் ஏற்காட்டில் பாட்டி வீட்டில் இருந்தபோது நன்றாக இருந்தாள். எங்கள் வீட்டில் கரப்பான் பூச்சி மிகுதி. என் கணவர் வாரந்தோறும் ஸ்ப்ரே அடிக்கிறார். அடித்த இரவில் இருமல் கூடுகிறது. கரப்பானால் வீசிங் வருமா? குழந்தைக்குத் தீங்கில்லாமல் இவற்றை எப்படி ஒழிப்பது? இன்ஹேலர் பழக்கமாகிவிடும் என்று மாமியார் நிறுத்தச் சொல்கிறார். நிறுத்தலாமா?
– வாசகி, சேலம்

பதில்: கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். இன்ஹேலரை நிறுத்தாதீர்கள். தினமும் எடுக்கச் சொல்லும் தடுப்பு இன்ஹேலரில் உள்ள ஸ்டீராய்டு மிகக் குறைந்த அளவிலானது. அது நேராக மூச்சுக்குழாய்க்குச் சென்று அங்குள்ள வீக்கத்தைத் தணிக்கிறதே தவிர, யாரையும் தனக்கு அடிமையாக்குவதில்லை. உங்கள் மாமியார் பேத்தியின் மீதுள்ள அன்பினால்தான் அஞ்சுகிறார் என்பதால், அடுத்த முறை மருத்துவரைப் பார்க்கும்போது அவரையும் அழைத்துச் சென்று, ஸ்பேசர் (இன்ஹேலரோடு பொருத்தும் குழல்) வைத்து மருந்தை இழுக்கும் முறையை அவரும் நேரில் பார்க்கும்படி செய்யுங்கள். மூச்சு விடும்போது விலா எலும்புகளுக்கு இடையே தசை உள்வாங்கினாலோ, ஒரு வாக்கியத்தை முழுதாகப் பேச முடியாமல் குழந்தை திணறினாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ, உடனடி நிவாரண இன்ஹேலரைக் கொடுத்துக்கொண்டே 108-ஐ அழைத்து மருத்துவமனைக்குச் செல்லுங்கள். விடியட்டும் என்று காத்திருக்க வேண்டாம்.

இனி கரப்பான். ஆம், கரப்பானால் வீசிங் தூண்டப்படும். அதன் எச்சில், எச்சம், உரித்த தோல், செத்து உலர்ந்த உடலின் துகள் ஆகியவற்றில் உள்ள புரதங்கள் வீட்டுத் தூசியோடு கலந்து, ஒவ்வாமை உள்ளவர்களின் மூச்சுக்குழாயைச் சுருங்கச் செய்கின்றன. மருத்துவ உலகம் இதை 1964 முதலே அறியும். அமெரிக்கப் பெருநகரங்களின் நெரிசலான குடியிருப்புகளில் வாழும் ஆஸ்துமா குழந்தைகளிடம் நடந்து 1997-இல் வெளியான ஒரு பெரிய ஆய்வில், கரப்பான் ஒவ்வாமையும் படுக்கையறையில் கரப்பான் தூசியும் ஒருசேர இருந்த குழந்தைகள், மற்றவர்களைவிட மூன்று மடங்குக்கும் மேல் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டது தெரியவந்தது.

ஏற்காட்டில் நன்றாக இருந்தாள் என்பது நல்ல தடயம். ஆனால் அதை மட்டும் வைத்து முடிவு செய்ய இயலாது. கரப்பானிலிருந்து மட்டுமல்லாமல் தறியின் பஞ்சுத் தூசியிலிருந்தும், ஸ்ப்ரேயிலிருந்தும், பள்ளியில் தொற்றும் சளியிலிருந்தும் அவள் விலகியிருந்தாள். மழைக்காலத்தில் மலை வீட்டுச் சுவர்களில் பூஞ்சை பிடிக்கும்போது அங்கேயே இளைப்பு வரும் குழந்தைகளும் உண்டு. எதற்கு ஒவ்வாமை என்பதைத் தோலில் செய்யும் பரிசோதனையாலோ இரத்தப் பரிசோதனையாலோ அறியலாம்; சேலம் அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் குழந்தைகள் பிரிவில் காட்டி, எந்தப் பரிசோதனை தேவை என்று கேளுங்கள். முடிவு வரும்வரை கரப்பானை விட்டுவைக்க வேண்டியதில்லை.

வாராந்தர ஸ்ப்ரேயை இன்றோடு நிறுத்துங்கள். அந்த மருந்தின் நுண்துளிகளும் அதைக் கரைக்கும் எண்ணெயின் நெடியும் ஏற்கெனவே வீங்கியுள்ள மூச்சுக்குழாயை நேரடியாக எரிச்சலூட்டுகின்றன. அடித்த இரவில் இருமல் கூடுவதற்கு இதுவே காரணம் என்று கருதுகிறேன். பூச்சியை ஒழிக்கும் வழியாகவும் அது பயனற்றது, ஏனெனில் கண்ணில் படும் நான்கு கரப்பான்கள் சாகும்போது மற்றவை நெடியை உணர்ந்து சுவர் விரிசலுக்குள்ளும் பக்கத்து வீட்டுக்குள்ளும் ஒதுங்கிக்கொண்டு, சில நாள்களில் திரும்பிவிடுகின்றன. முட்டைக் கூட்டுக்குள் மருந்து இறங்குவதும் இல்லை.

எந்தக் கரப்பான் என்று பார்த்துக்கொள்வது அவசியம். இரவில் விளக்கைப் போட்டதும் சமையல் மேடையில் சிதறி ஓடுபவை, ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று மேல் நீளமும் வெளிர் பழுப்பு நிறமும் தலைக்குப் பின்னால் இரண்டு கருங்கோடுகளும் கொண்டவையாக இருந்தால், அவை வீட்டுக்குள்ளேயே குடியிருக்கும் சிறு கரப்பான்கள். இவற்றின் பெண் பூச்சி 30 முதல் 40 முட்டைகள் அடங்கிய கூட்டைப் பொரியும் தறுவாய்வரை தன்னோடு சுமந்து திரிகிறது. பொரிந்த குஞ்சுகள் இரண்டு மூன்று மாதங்களில் தாமே முட்டையிடத் தொடங்கிவிடும். செவ்வாய்ப்பேட்டை லீ பஜாரிலிருந்து மளிகையோடு வரும் அட்டைப்பெட்டிகளும் சாக்குகளும் இவற்றை வீட்டுக்குள் கொண்டுவரும் முக்கிய வழி என்பதால், பொருளை டப்பாவில் கொட்டியதும் அட்டையை அன்றே வெளியேற்றுங்கள். மூன்று நான்கு சென்டிமீட்டர் நீளமுள்ள செம்பழுப்புப் பெரிய கரப்பான்கள் சாக்கடையிலிருந்து வருபவை. அவற்றுக்குக் குளியலறை, சமையலறைத் தண்ணீர்ப் போக்கிகளில் நுண்கண் வலையுள்ள மூடியும், குழாய் சுவருக்குள் நுழையும் இடத்தில் சிமெண்டுப் பூச்சுமே போதுமான மருந்து.

சிறு கரப்பானுக்கு ஊசிக்குழலில் விற்கும் ஜெல் மருந்தே சிறந்தது. இதில் நெடி இல்லை, காற்றில் கலப்பதில்லை. 2017-இல் வெளியான நியூ ஆர்லியன்ஸ் ஆய்வு ஒன்றில், வேறெதுவும் செய்யாமல் இவ்வகை இரை மருந்தை மட்டும் வைத்த வீடுகளில்கூட ஆஸ்துமா குழந்தைகளின் தொந்தரவு குறைந்தது. முதலில் எண்ணெய்ப் பிசுக்கைச் சோப்புத் தண்ணீரால் துடைத்து உலரவிட்டு, பச்சைப்பயறு அளவில் சிறு சிறு புள்ளிகளாக, அலமாரிக் கதவுக் கீல்களின் உட்புறம், தொட்டிக்கு அடியில், ஃப்ரிட்ஜுக்குப் பின்னால் கம்ப்ரஸர் சூட்டை ஒட்டி, கேஸ் அடுப்பு மேடையின் அடிவிளிம்பு என மறைவான இடங்களில், குழந்தையின் கை எட்டாதபடி வையுங்கள். ஓரிடத்தில் நிறைய வைப்பதைவிடப் பல இடங்களில் கொஞ்சமாக வைப்பதே பலன் தரும். மருந்தைத் தின்ற கரப்பான் தன் மறைவிடத்துக்குப் போய்ச் சாக, அதன் எச்சத்தையும் உடலையும் தின்னும் மற்றவையும் சாகின்றன. ஜெல் வைத்த இடத்தருகே ஸ்ப்ரே அடித்தால் பூச்சி அதை நெருங்காது, செலவு வீண். வாரம் ஒரு முறை பார்த்து, தீர்ந்த இடத்தில் புதிதாக வையுங்கள். ஒரு மாதமாகியும் குறையவில்லை என்றால் வேறு மூலப்பொருள் உள்ள ஜெல்லுக்கு மாறுங்கள். பூச்சிகள் ஒரே இரையை ஒதுக்கப் பழகிவிடுவது உண்டு.

வேறு உணவு தாராளமாகக் கிடைக்கும் வீட்டில் ஜெல்லை எந்தக் கரப்பானும் சீந்தாது. இங்கே உங்கள் தறிக்கட்டைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். பருத்திப் பாவுக்கு (தறியின் நீளவாட்டு நூலுக்கு) போடும் கஞ்சி மாவுச்சத்து என்பதால் கரப்பானுக்கு அது விருந்து. கஞ்சிப் பாத்திரத்தை இரவு ஊறவைத்துவிட்டுப் படுப்பதும், தறிக்குழிக்குள் பஞ்சும் நூல்கழிவும் சேர்ந்து கிடப்பதும் சமையலறையில் நீங்கள் படும் பாட்டையெல்லாம் வீணாக்கிவிடும். குழியை வாரம் ஒரு முறை வழித்தெடுத்து, விளிம்பில் ஜெல் வையுங்கள். மகளின் படுக்கையைத் தறிக்கட்டிலிருந்தும் சமையலறையிலிருந்தும் தள்ளிப் போடுங்கள். எச்சில் தட்டுகளை இரவிலேயே விளக்கி, தொட்டியைத் துடைத்து உலர்த்திவிடுங்கள். கரப்பான் உணவின்றி வெகுநாள் தாங்கும், நீரின்றி அவ்வளவு தாங்காது என்பதால், சொட்டும் குழாயைச் சரிசெய்வதும், பிடித்து வைத்த தண்ணீர் டிரம்மை இறுக மூடி அடியில் ஈரம் தேங்காமல் பார்ப்பதும் மருந்துக்கு இணையானவை. டிரம்மை மூடினால் டெங்கு பரப்பும் கொசுவும் அங்கே முட்டையிடாது.

பூச்சி குறைந்ததும் வீசிங் நின்றுவிடும் என்று எதிர்பார்த்து ஏமாற வேண்டாம். செத்த பூச்சியின் துகளும் எச்சமும் பரணிலும் அலமாரி இடுக்கிலும் பல மாதங்கள் தங்கும். அவை சற்றுக் கனமான துகள்கள் என்பதால் சும்மா கிடக்கையில் காற்றில் மிதப்பதில்லை. விளக்குமாற்றால் வறட்டுப் பெருக்குப் பெருக்கும்போதுதான் எழும்புகின்றன. ஆகையால் குழந்தை பள்ளிக்குப் போன பிறகு, ஈரத்துணியால் துடையுங்கள். தலையணை உறை, போர்வைகளை வாரந்தோறும் வெந்நீரில் துவையுங்கள். இது நம் ஊரில் ஆஸ்துமாவை அதிகம் தூண்டும் படுக்கைத் தூசிப் பூச்சிக்கும் சேர்த்தே உதவும்.

சில வழக்கங்களைக் கண்டிப்பாகத் தவிருங்கள். மைதாவும் சர்க்கரையும் போரிக் பவுடரும் பிசைந்த உருண்டையைக் குழந்தைகள் இனிப்பென்று வாயில் போட்டுக்கொள்வார்கள். பூச்சிக்குக் கோடு போடும் சாக்பீஸைப் பலகையில் எழுத எடுப்பார்கள். பாச்சை உருண்டையின் ஆவி, பிறவியிலேயே ஒரு நொதிக் குறைபாடு உள்ள குழந்தைகளுக்கு இரத்தச் சிவப்பணுக்களை உடைத்துவிடக்கூடும். மண்ணெண்ணெயைத் தண்ணீர் பாட்டிலில் ஊற்றி வைக்காதீர்கள். கழிவறை ஆசிட்டையும் பிளீச்சிங் பவுடரையும் சேர்த்துச் சாக்கடையில் ஊற்றினால் எழும் குளோரின் வாயு, ஆரோக்கியமானவர்களுக்கே மூச்சை அடைக்கும். எல்லாவற்றிலும் கொடியது, தானியக் கிடங்குகளில் வைக்கும் அலுமினியம் பாஸ்பைடு மாத்திரை. யாராவது இரக்கப்பட்டுக் கொண்டுவந்து கொடுத்தாலும் வாங்காதீர்கள். அதிலிருந்து வெளிவரும் பாஸ்பீன் வாயு உறங்குபவர்களைக் கொன்றுவிடும், அதற்கு மாற்று மருந்தும் இல்லை.

பூச்சி ஒழிப்பு நிறுவனத்தாரை அழைப்பதானால், வீடு முழுக்கத் தெளிப்பது வேண்டாம், ஜெல் மட்டும் வையுங்கள் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். உங்களுடையது பொதுச் சுவர் வரிசை வீடு என்பதால், இரு பக்கத்து வீட்டாரிடமும் மகளின் நிலையை எடுத்துச் சொல்லி, அதே வாரத்தில் அவர்களும் ஜெல் வைக்கும்படி கேட்டுக்கொள்ளுங்கள். தேவையானால் அவர்களுக்கும் சேர்த்து நீங்களே வாங்கிக் கொடுப்பதுகூட உங்களுக்கு லாபம்தான். இன்றிலிருந்து ஒரு நோட்டில், மகள் எந்தெந்த இரவில் இருமி எழுந்தாள், நிவாரண இன்ஹேலர் எத்தனை முறை தேவைப்பட்டது என்று குறித்து வாருங்கள். மூன்று மாதம் கழித்து அதை மருத்துவரிடம் காட்டினால், தடுப்பு மருந்தின் அளவைக் குறைக்கலாமா என்பதை அவர் அதை வைத்தே முடிவு செய்வார்.