ஆப்பிரிக்காவில் அடிமை முறையை ஒழித்தது காலனி ஆட்சிதானா? வரலாற்றாசிரியர்கள் என்ன சொல்கிறார்கள்?

சட்டம் போட்டார்கள், அது உண்மை. ஆட்களை விடுவித்தார்களா என்று கேட்டால், பெரும்பாலும் இல்லை என்பேன். இதை எனக்குப் புரியவைத்தது 1876-ல் நடந்த ஒரு வழக்கு. ட்ரெவர் கெட்ஸ் என்ற அமெரிக்க வரலாற்றாசிரியர் கானாவின் ஆவணக் காப்பகத்தில் கண்டெடுத்தது.

அபினா மன்சா என்ற இளம்பெண். அசாந்தே நாட்டிலிருந்து யோவாவா என்பவன் அவளை, இன்றைய கானாவில் அப்போது பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த கடலோர ஊரான சால்ட்பாண்டுக்குக் கூட்டிவருகிறான். நான் அவனுக்கு மனைவி என்கிறாள் அவள். திரும்பி வரும்வரை இங்கேயே இரு என்று குவாமினா எட்டூ என்ற பெரிய மனிதர் வீட்டில் விட்டுவிட்டுப் போகிறான். பத்து நாள் கழித்து எட்டூ அவளுக்கு இரண்டு துணி கொடுத்து, தன் வீட்டு ஆள் ஒருவனுக்கு உன்னைக் கட்டிக்கொடுத்துவிட்டேன் என்கிறார். நம்மை விற்றுவிட்டார்கள் என்று அந்த நிமிடம்தான் அவளுக்கு உறைக்கிறது. கேப் கோஸ்டுக்கு ஓடிப்போய், வெள்ளைக்கார நீதிபதி வில்லியம் மெல்டன் முன்னால் வழக்கே போட்டுவிடுகிறாள்.

அப்போது அங்கே அடிமை வியாபாரத்தைத் தடைசெய்து இரண்டு ஆண்டுகள்கூட முடியவில்லை. 1874 டிசம்பரில் இரண்டு சட்டங்கள் வந்தன. ஒன்று ஆள் வாங்கவும் விற்கவும் கூடாது என்றது. மற்றொன்று, ஒருவரை அடிமை என்று யார் உரிமை கோரினாலும் கோர்ட் ஏற்காது என்றது. ஆனால் நீ போகலாம் என்று அடிமையிடம் சொல்லவேண்டிய கடமை எஜமானுக்கு இல்லை. போக விரும்பினால் அவர்களே எழுந்து போகவேண்டியதுதான். எங்கே போவது, என்ன சாப்பிடுவது என்பதெல்லாம் சட்டத்தில் கிடையாது.

இந்த ஏற்பாட்டுக்கு முன்மாதிரி இந்தியா. கம்பெனி அரசு போட்ட 1843-ம் ஆண்டின் 5-வது சட்டமும் இப்படித்தான்: கோர்ட் அடிமை உரிமையை ஏற்காது, அவ்வளவுதான். நம் தஞ்சாவூர்ப் பக்கம் பண்ணையாட்களின் நிலை அதனால் எவ்வளவு மாறியது என்று யோசித்துப் பாருங்கள். பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் என்று ஒன்று 1952-ல் தேவைப்பட்டது.

சரி, வழக்குக்கு வருவோம். எட்டூவின் பக்கம் வாதாடியவர் ஜேம்ஸ் ஹட்டன் புரூ, கைதேர்ந்த உள்ளூர் வக்கீல். அபினாவைத் துருவித் துருவிக் கேட்கிறார்கள். என்ன வேலை செய்தாய்? வீடு பெருக்கினேன், தண்ணீரும் விறகும் கொண்டுவந்தேன், சமைத்தேன், சந்தைக்குப் போனேன் என்கிறாள். இது எல்லாப் பெண்களும் செய்கிற வேலைதானே, இதில் அடிமைத்தனம் எங்கே என்ற தொனியில்தான் விசாரணை போகிறது. அவளோ, சுதந்திரமான ஆள் நிம்மதியாக உட்கார்ந்திருக்கும்போது அடிமை வேலை செய்துகொண்டிருப்பான், எனக்குத் தெரிந்தது அதுதான் என்கிறாள். இன்னொரு இடத்தில், என்னை விற்றுவிட்டார்கள், எனக்கென்று சொந்த விருப்பம் இல்லை, என் உடம்பைக்கூட என்னால் பார்த்துக்கொள்ள முடியவில்லை என்ற பொருளில் சொல்கிறாள்.

நான் கோர்ட்டில் வாக்குமூலம் தட்டச்சு செய்கிறவன், பதினெட்டு வருஷமாக. ஒருமுறை சாட்சிக் கூண்டில் ஒரு பாட்டி, "என்னய ஒரு ஆளாவே வெக்கலைய்யா" என்றார். தாளில் அது 'முறையாகப் பராமரிக்கவில்லை' என்ற ஆங்கிலமாக ஏறியது. தட்டியது என் விரல்கள்தான். அபினா பேசியதும் அவள் மொழியில். டேவிஸ் என்ற மொழிபெயர்ப்பாளர் வழியாக ஆங்கிலத்தில் பதிவானதுதான் இன்று நம் கையில் இருக்கிறது. அதையும் தாண்டி அவள் குரல் இவ்வளவு தூரம் கேட்கிறதென்றால், நேரில் எப்படிப் பேசியிருப்பாள்!

வழக்கில் அபினா தோற்றாள். எட்டூ குற்றவாளி இல்லை என்று தீர்ப்பு. அதன்பின் அவள் என்ன ஆனாள் என்பதற்கு ஆவணங்களில் தடயம் இல்லை.

பிரெஞ்சு ஆட்சிப் பகுதிக்கு மார்ட்டின் க்ளைன், ரிச்சர்ட் ராபர்ட்ஸ் என்ற வரலாற்றாசிரியர்கள் இருவரையும் படிக்கவேண்டும். இன்றைய மாலியில் உள்ள பனாம்பா ஊரில் 1905-ல் அடிமைகள் கூட்டம் கூட்டமாக எஜமானர்களை விட்டுக் கிளம்பிவிட்டார்கள். அதிகாரிகள் முதலில் சமரசம் பேசி நிறுத்தத்தான் பார்த்தார்கள். அடுத்த ஆண்டு மறுபடியும் கிளம்பினார்கள்; பிடித்துவரப்பட்ட சொந்த ஊர்களைத் தேடி நடந்தார்கள். ஆள் வியாபாரத்தைத் தடைசெய்யும் பிரெஞ்சு ஆணை வந்தது 1905 டிசம்பரில். அதாவது, ஜனங்கள் நடக்க ஆரம்பித்த பிறகு! ஒழித்தது யார் என்ற உங்கள் கேள்விக்கு என் பதில் இந்த இடத்தில்தான் இருக்கிறது.

எங்கே தொடங்குவது என்றால், கெட்ஸ் அபினாவின் வழக்கைப் படக்கதையாகவே கொண்டுவந்திருக்கிறார். வரைந்தவர் லிஸ் கிளார்க். மூல வாக்குமூலமும் அதே புத்தகத்தில் இருக்கிறது, சில பக்கங்கள்தான். படங்களுக்கு முன் அதை ஒருமுறை வாய்விட்டுப் படியுங்கள்.